மூன்றாவது விநாடியில் ஓர் அழைப்பு

ஸ்டுடியோக் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ரேடியோ அறிவிப்பாளர் சேவல் சிரித்துக்கொண்டிருந்தார். வாய் மட்டும்தான் சிரித்தது. ஹெட்போனை இரண்டு கைகளாலும் அவர் பிடித்திருந்த விதத்தைப் பார்த்தால், தலை கழன்று விழுந்துவிடாமல் தாங்கிக்கொண்டிருக்கிறாரோ என்று தோன்றியது.

"வணக்கம் சார்! யாரு பேசறீங்க? பேரச் சொன்னா பாட்டுப் போடுவேன். சொல்லலைன்னா நானே பாடிடுவேன். எது வசதி?"

"அங்கேயே இருங்க" என்றது ஸ்பீக்கரில் வந்த ஆண்குரல். கேட்ட கேள்விக்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை. "எங்கேயும் போயிடாதீங்க. நான் கிளம்பிட்டேன். இதோ வந்துட்டே இருக்கேன்."

அவ்வளவுதான். லைன் அறுந்தது.

சேவலின் கை தானாகப் போய் மேஜை ஓரத்துச் சிவப்புப் பட்டனை அழுத்தியது. மறுகணமே குரலில் தேன் வழிந்தது. "லைன்ல கொஞ்சம் தகராறு மக்களே! பாட்டுல தகராறு இல்ல, கேளுங்க!" பாட்டு ஓட ஆரம்பித்ததும் மைக்கை அணைத்தார். அப்படியே மேஜையில் கவிழ்ந்து முகத்தை மூடிக்கொண்டார்.

"மேடம், கிளம்பறதுக்கே அஞ்சு நாள் எடுத்திருக்கான். நான் டிக்கெட் கிழிச்ச ஓட்டை பஸ்ஸே இதைவிடச் சீக்கிரம் வந்துடும்" என்றேன்.

மேடம் சிரிக்கவில்லை. கண்ணை மூடிக்கொண்டு, இல்லாத எதையோ கேட்டுக்கொண்டிருந்தார்.

மேடம் டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் இருபத்திரண்டு வருஷம் ஆபரேட்டராக இருந்தவர். எக்ஸ்சேஞ்சுக்கு ஆளே வேண்டாம் என்று ஆனதும் டயர் கடை மாடியில் துப்பறியும் ஆபீஸ் திறந்தார். பார்வை சுமார்தான். காது பாம்புக் காது. நான் அவருடைய உதவியாளன். முழங்கால் தேய்ந்து போகும்வரை பஸ் கண்டக்டர். அந்தப் பெயர் மட்டும் இன்னும் என்னைவிட்டு இறங்கவில்லை.

எங்களைக் கூப்பிட்டது ரேடியோ ஸ்டேஷன் மேனேஜர். திங்கட்கிழமை அந்தக் குரல் "அங்கேயே இருங்க" என்று மட்டும் சொன்னது. சேவல் அதை வைத்து ரெண்டு ஜோக் அடித்தார். செவ்வாய்க்கிழமை இன்னொரு வாக்கியம் சேர்ந்தது. புதன்கிழமை அதேதான். அதற்கப்புறம் நாளுக்கொன்று. ஜோக் நின்றுவிட்டது. வியாழக்கிழமை சேவல் மனைவியையும் மகளையும் மாமனார் வீட்டுக்கு அனுப்பிவிட்டார். இன்று வெள்ளி. குரல் 'இதோ வந்துட்டே இருக்கேன்' என்றுவிட்டது.

"போலீசுக்குப் போனா பேப்பர்ல வந்துடும். பத்து மணிக்கு ஸ்பெஷல் ஷோ இருக்கு. அதுக்குள்ள ஆளைக் கண்டுபிடிச்சுக் குடுங்க" என்றிருந்தார் மேனேஜர்.

மணி ஏழே முக்கால்.

சேவலைத் தெரியாதவர் ஊரில் கிடையாது. பாதிப் பேருக்கு அலாரமே அவர்தான். ஒரு காலத்தில் ஜவுளிக்கடை வாசலில் மைக் பிடித்து "வாங்க வாங்க" என்று கூவியவர். அப்புறம் இந்த ஸ்டேஷனில் மழை வருமா வராதா என்று வாசிக்கிற வேலை. அதுவும் யாராவது லீவு போட்டால்தான். அப்படி இருந்தவரை ஒரே ஒரு போன்கால் தூக்கி உச்சாணிக் கொம்பில் வைத்தது. 'காதுல பூ' என்று ஒரு பகுதி. யாருக்காவது போன் போட்டு ஏமாற்றி, அவர் தவிப்பதை ஊருக்குப் போட்டுக் காட்டுவது. முதல் பூ சுற்றப்பட்டது இருபது வருஷத்துக்கு முன்னால், இதே தேதியில். அதைக் கொண்டாடத்தான் பத்து மணி ஸ்பெஷல். வரவேற்பறையில் ஆள் உயரத்துக்கு அவர் படமும் அதன் காலடியில் ஒரு கேக்கும் காத்திருந்தன.

"வாங்க கண்டக்டர், போனை முதல்ல எடுக்கிறவங்களைப் பார்ப்போம்" என்றார் மேடம்.

லைன் டெஸ்க் என்பது ஸ்டுடியோவுக்கு வெளியே ஒரு மரத் தடுப்பு. பன்னிரண்டு விளக்குகள் வைத்த பலகை, ஒரு கம்ப்யூட்டர், ஆறிப்போன காபி. அங்கிருந்த பெண்ணுக்கு இருபத்தைந்து வயதிருக்கும். சேர்ந்து எட்டு மாதம் ஆகிறதாம். நேயர்களின் போனை எடுத்து, ஆள் எப்படி என்று எடைபோட்டு, சேவலிடம் தள்ளிவிடுவது அவள் வேலை.

"அந்த ஆள் உன்கிட்ட என்னம்மா பேசறான்?" என்று கேட்டார் மேடம்.

"உள்ள பேசறதையேதான் மேடம் என்கிட்டயும் பேசறார். நான் பேரு கேப்பேன், ஊரு கேப்பேன். 'அங்கேயே இருங்க'ம்பார். ஆளைக் கண்டுபிடிக்கணும், தள்ளுன்னு மேனேஜர் சொன்னதால உள்ள தள்ளினா அங்கேயும் அதேதான். ஒரு மூச்சுகூட மாறாது."

"பயமா இல்லையா?"

அவள் யோசித்தாள். "எல்லாரும் மிரட்டல்னு சொல்றாங்க. எனக்கு அப்படித் தோணல. ஏதோ அவசரத்துல ஓடற ஆள் மாதிரி இருக்கு. பாவம், யாரையோ தேடறார் போலன்னு..." அதற்குமேல் சொல்லத் தெரியாமல் நிறுத்திக்கொண்டாள்.

"நம்பர்?"

"விழறதில்ல. மறைச்சு வருது."

மேடம் கம்ப்யூட்டர் திரையை மூக்கு இடிக்கும் தூரத்தில் வைத்துப் பார்த்தார். எந்த லைன் எந்த விநாடியில் வந்தது என்று அதில் வரிசையாக இருந்தது.

"லைன் திறந்தாச்சுன்னு சேவல் எத்தனை மணிக்குச் சொல்வார்?"

"நேரமே கிடையாது மேடம். அவருக்குத் தோணினப்ப சொல்வார். அவர் சொன்னப்புறம்தான் பலகைக்கே உயிர் வரும்."

"திங்கக்கிழமை எப்போ சொன்னார்?"

அவள் பதிவைப் போட்டுப் பார்த்துச் சொன்னாள். மேடம் விரல்விட்டு எண்ணினார். செவ்வாய், புதன், வியாழன், இன்று. எல்லாவற்றையும் கேட்டுவிட்டு என் பக்கம் திரும்பினார்.

"அஞ்சு நாளும் சேவல் வாயை மூடின மூணாவது விநாடி போன் வந்திருக்கு. கண்டக்டர், சேவல் பேசறது ஊர்க் காதுக்குப் போக எவ்வளவு நேரம் ஆகும்?"

எனக்கென்ன தெரியும்? அந்தப் பெண்தான் சொன்னாள். எட்டு விநாடி. யாராவது நேயர் கெட்ட வார்த்தை பேசிவிட்டால் தடுப்பதற்காக வைத்த இடைவெளி. அதற்குள் சிவப்புப் பட்டனை அழுத்தினால் பேச்சு ஊருக்குப் போகாது. செவ்வாயிலிருந்து சேவல் அதைத்தான் செய்துகொண்டிருந்தார்.

"ரேடியோல கேட்டுட்டு போன் போடற ஆளுக்கு, லைன் திறந்ததே எட்டு விநாடி கழிச்சுத்தான் தெரியும். இவனுக்கு மூணு விநாடியில தெரிஞ்சிருக்கு" என்றார் மேடம்.

நான் கதவுப் பக்கம் திரும்பிப் பார்த்தேன். "அப்போ இவன் வழியில ஏறின ஆளில்ல மேடம். டிப்போவிலேயே ஏறி உட்கார்ந்தவன்."

"ஆமா. வந்துட்டே இருக்கேன்னு சொல்றவன், ஏற்கெனவே உள்ளதான் இருக்கான்."

தினமும் காலையில் அந்த நேரத்தில் கட்டடத்தில் மொத்தம் நாலு பேர். மைக் முன்னால் சேவல், பலகை முன்னால் அந்தப் பெண், வாசலில் வாட்ச்மேன், அப்புறம் சவுண்டு இன்ஜினியர். மேனேஜர் எட்டரைக்கு முன்னால் வந்ததாகச் சரித்திரம் இல்லை. இன்று எங்களுக்காக வந்திருந்தார்.

சவுண்டு இன்ஜினியருக்கு அங்கே எல்லோரும் வைத்திருந்த பெயர் மௌனம். அறுபதைத் தொடும் வயது. தலையாட்டுவார், கையைக் காட்டுவார், ரொம்பவும் தேவைப்பட்டால் ஒரு வார்த்தை. பழைய நாடாக்கள் கூரைவரை அடுக்கிய பதிவறையில், ஜன்னலே இல்லாத இடத்தில், அவர் ஒரு மேஜை விளக்கோடு உட்கார்ந்திருந்தார். நாங்கள் உள்ளே போனதும் கதவு தானாகச் சாத்திக்கொண்டது. வெளியே ஓடிய பாட்டு கத்தியால் வெட்டியதுபோல் நின்றது. என் மூச்சுச் சத்தம் எனக்கே பெரிதாகக் கேட்டது.

"அஞ்சு நாள் போனையும் வரிசையாப் போடுங்க" என்றார் மேடம்.

போட்டார். இருட்டறையில் அந்தக் குரல் திரும்பத் திரும்ப வந்தது. அங்கேயே இருங்க. அங்கேயே இருங்க. எங்கேயும் போயிடாதீங்க.

"இது ஆள் இல்ல, பதிவு. கேள்வி கேட்டா பதில் வராது. தினமும் ஒரே மூச்சு. நாளுக்கு ஒரு வாக்கியம் கூட ஓட விடறாங்க, அவ்வளவுதான்" என்றார் மேடம். "கண்டக்டர், குரலை விடுங்க. பின்னாடி கேளுங்க."

காதைத் தீட்டினேன். குரலுக்குப் பின்னால் ஒரு மெஷின் ஓடியது. டக், டக், டக், அப்புறம் ஒரு இடைவெளி. மறுபடி டக், டக், டக்.

"நொண்டி ஓடற மாதிரி இருக்கு மேடம்."

"அச்சு மெஷின். எக்ஸ்சேஞ்சுக்கு எதிர்ல ஒரு அச்சகம் இருந்துச்சு. இருபத்திரண்டு வருஷம் இந்த மாதிரிச் சத்தத்தைக் கேட்டிருக்கேன்." மேடம் மௌனத்தைப் பார்த்தார். "சார், அந்த முதல் 'காதுல பூ' இருக்கே, பத்து மணிக்குப் போடப்போறது. அதைப் போடுங்க."

மௌனத்தின் கை ஒரு கணம் நின்றது. பிறகு போட்டார்.

ஊருக்கே மனப்பாடமான பதிவு அது. சேவல் பள்ளிக்கூடத்து ஆள் மாதிரி கனமான குரலில், "உங்க குழந்தையக் காணோம் சார். வாசல் வரைக்கும் போச்சுன்னு சொல்றாங்க" என்பார். மறுமுனையில் ஒருவர், எலிக்குஞ்சு மாதிரி வேகம் கூட்டிய குரலில், "என்ன சார் சொல்றீங்க? காணோமா?" என்று பதறுவார். அடுத்து அந்தச் சிரிப்பு. வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிற ஒரு வெடிச்சிரிப்பு. "அட, விளையாடறீங்களா! பயந்தே போயிட்டேன்!" கல்லூரி விழாக்களில் அந்தச் சிரிப்பைச் சிரித்துக் காட்டிக் கைதட்டல் வாங்காத ஆள் இல்லை.

"குரலை ஏன் இப்படி மாத்தினீங்க?"

"அனுமதி" என்றார் மௌனம். பேசியவரிடம் அனுமதி வாங்காததால் ஆள் அடையாளம் தெரியக்கூடாது என்று மாற்றினார்களாம். அதை ஒரே வார்த்தையில் முடித்துவிட்டார்.

"வேகத்தைக் குறைச்சு, பழைய குரலாப் போடுங்க."

எலிக்குஞ்சு மெல்ல மெல்ல மனிதனாயிற்று.  ஐந்து நாளாக ஸ்பீக்கரில் வந்த அதே குரல். பின்னால் அதே நொண்டி மெஷின். டக், டக், டக், இடைவெளி.

"மேடம், அந்த ஆள்தான்! இருபது வருஷம் கழிச்சுப் பழிவாங்க..."

"அவசரப்படாதீங்க. சிரிப்பைத் திரும்பக் கேளுங்க."

கேட்டோம். அறையைப் போலவே சிரிப்பும் சுத்தமாக இருந்தது. பின்னால் எதுவும் ஓடவில்லை.

"பதறும்போது மெஷின் ஓடுது. சிரிக்கும்போது ஓடல" என்றார் மேடம். "மெஷினை நிறுத்திட்டு வந்து சிரிச்சாரா? இந்தச் சிரிப்பு அந்த ஆளோடது இல்ல, கண்டக்டர். வேற யாரோ வேற எங்கேயோ சிரிச்சதைக் கொண்டுவந்து ஒட்டியிருக்காங்க. அப்படின்னா அந்த ஆள் சிரிக்கவே இல்ல. குழந்தையக் காணோம்னு கேட்டுட்டுச் சிரிக்காத ஒரு அப்பன் என்ன பண்ணுவான்?"

  நாடா முடிந்து சக்கரம் சும்மா சுற்றிக்கொண்டிருந்தது.

மேனேஜர் அறையில் மேடம் ஊழியர்களின் கோப்புகளைக் கேட்டார். மேனேஜர் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே அலமாரியைத் திறந்தார். ஒன்பது ஐந்து. பெரிய எழுத்து மட்டும்தான் மேடத்துக்குத் தெரியும் என்பதால் நான் படித்தேன். மூன்றாவது கோப்பில், மேலேயே ஒரு விடுப்பு விண்ணப்பம். போன சனிக்கிழமை எழுதியது. இன்றைய தேதிக்கு ஒரு நாள் லீவு. குறுக்கே சிவப்பு மையில் 'ஸ்பெஷல் ஷோ, அனுமதி இல்லை' என்றிருந்தது. காரணம் என்ற இடத்தில் ஒரே வரி: அப்பா இறந்த நாள். இருபதாம் ஆண்டு.

கீழே பெயர் லைன் டெஸ்க் பெண்ணுடையது. வேலைக்குச் சேர்ந்தபோது அவள் நிரப்பிய படிவத்தைப் புரட்டினேன். தந்தையின் தொழில்: அச்சகம்.

"முடிஞ்சுது மேடம்" என்றேன்.  "லீவு கிடைக்காதது சனிக்கிழமை. போன் ஆரம்பிச்சது திங்கக்கிழமை. ஒரு கையால போட்டு மறு கையால எடுத்திருக்கா. பாவம்னாளே, என்னமா நடிப்பு!"

மேடம் எழுந்தார். "எல்லாரையும் பதிவறைக்குக் கூப்பிடுங்க. சேவலையும்."

ஒன்பதரைக்கு அந்தச் சின்ன அறையில் ஆறு பேர் நின்றோம். சேவல் ஸ்பெஷலுக்காகப் பளபளக்கும் சட்டை மாட்டியிருந்தார். அக்குள் நனைந்திருந்தது.

"அம்மாடி," என்றார் மேடம் அந்தப் பெண்ணிடம், "உங்க அப்பா எப்படி இறந்தார்?"

அவள் திடுக்கிட்டுப் போனாள். "ஆக்சிடெண்ட். எனக்கு அஞ்சு வயசு. என்னைப் பார்க்க ஸ்கூலுக்கு ஓடி வந்தப்போ, ஸ்கூல் வாசல்லயே லாரி..." நிறுத்தினாள். "ஏன் ஓடி வந்தார்னு யாருக்கும் தெரியாது. ஸ்கூல்லேர்ந்து யாரும் கூப்பிடல. நான்தான் ஏதோ பண்ணியிருக்கேன், யாரோ போய்ச் சொல்லியிருக்காங்கன்னு அம்மா நினைச்சாங்க. என்னடி பண்ணினே, என்னடி பண்ணினேன்னு கேட்டு அடிப்பாங்க. எனக்குச் சொல்லத் தெரியல. இப்பவும் வருஷா வருஷம் இந்த நாள்ல ஒரு தடவை கேட்டுடுவாங்க."

நான் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். ஓடுகிற பஸ்ஸில் டிக்கெட் எடுக்காதவனை முகத்தைப் பார்த்தே பிடித்தவன் நான். இந்த முகத்தில் களவு இல்லை. அவளுக்கு எதுவும் தெரியாது.

"அப்பா குரல் ஞாபகம் இருக்கா?"

"இல்ல மேடம். வீட்ல ஒரு போட்டோ மட்டும்தான் இருக்கு."

மேடம் என் பக்கம் திரும்பினார். "கண்டக்டர், சேவலை மிரட்டணும்னா அவர் செல்போனுக்கே போடலாமே? எதுக்கு லைன் டெஸ்க் வழியா வரணும்? போனை முதல்ல எடுக்கிறது யாரு? அந்தக் குரலை முதல்ல கேட்டது யாரு?" சட்டென்று அவர் குரல் தாழ்ந்தது. "அஞ்சு நாளா வந்த போன் சேவலுக்கு இல்ல. இந்தப் பொண்ணுக்கு."

 மேடம் மேஜை விளக்கைப் பார்த்துப் பேசினார்.

"உங்களுக்குப் பேச வராது, சார். அதனால அவரையே பேச விட்டீங்க. இல்லையா?"

மௌனம் தலையைக் குனிந்துகொண்டார். பிறகு, பல வருஷமாகத் திறக்காத கதவு திறப்பதுபோல, கரகரத்துக்கொண்டு அவர் குரல் வந்தது.

"மேனேஜர் மேஜையில அந்த லீவு லெட்டரைப் பார்த்தேன்மா. தேதியப் பார்த்தேன், உங்க அப்பா பேரையும் பார்த்தேன். எட்டு மாசமா என் கண்ணெதிர்லதான் இருக்கே. எப்படிச் சொல்றது? குரலைக் கேட்டா உனக்கே தெரிஞ்சுடும்னு நினைச்சேன். உனக்குத் தெரியல."

"என்ன தெரியல?" என்றாள் அவள். கேட்கும்போதே அவள் முகம் வெளிறியது.

"உங்க அப்பாவுக்குப் போன் போட்டது நாங்க."

சேவல் பாய்ந்தார். "யோவ், வாயை மூடு! ஒரு தமாஷுக்குப் போட்டது. அவர் செத்தது எனக்கெப்படித் தெரியும்?"

"தெரியும்." மௌனம் நிமிர்ந்தார். "மறுநாள் பேப்பர்ல நாலு வரி வந்துச்சு. நான்தான் உன்கிட்டக் கொண்டுவந்து காட்டினேன். பதிவு நல்லா வந்திருக்கு, வீணாக்காதேன்னே. அதுல அவர் சிரிக்கலையேன்னேன். 'நீ சிரி'ன்னே."

 ஊரே சிரித்துக் காட்டிய அந்தச் சிரிப்புக்காரர், எதிரே நின்று அழுதுகொண்டிருந்தார்.

"நான்தான்மா சிரிச்சேன். இந்த ரூம்லதான். அதுக்கப்புறம் என் வாய் எனக்கே பிடிக்காமப் போச்சு."

அந்தப் பெண் அழவில்லை, கத்தவில்லை. "முழுசாக் கேக்கணும்" என்றாள்.

மௌனம் இழுப்பறையின் அடியிலிருந்து ஒரு நாடாவை எடுத்தார்.

"மணி ஒன்பது அம்பது!" மேனேஜர் நடுவே வந்து நின்றார். "எல்லாம் அப்புறம் பேசிக்கலாம். வெளியில ஆளுங்க நிக்கறாங்க."

சேவல் அந்தப் பெண்ணின் முன்னால் கைகூப்பினார். "இருபது வருஷம்மா. தெரியாம நடந்து போச்சு. இன்னைக்கு ஒரு நாள் விட்டுடு. நாளைக்கு நீ என்ன சொன்னாலும் கேக்கறேன்."

அவள் அவரைப் பார்த்தாள். "நீங்க அவருக்கு ஒரு நிமிஷம் குடுத்தீங்களா? விளையாட்டுன்னு சொல்றதுக்கு?"

 சேவல் சட்டைக் காலரைச் சரிசெய்துகொண்டு ஸ்டுடியோவை நோக்கி நடந்தார்.

பத்து மணிக்குச் சிவப்பு விளக்கு எரிந்தது.  சேவல் மைக் முன்னால் உட்கார்ந்து, ஒரு பிசிறும் இல்லாத குரலில், "எழுந்தாச்சா மக்களே! இருபது வருஷமா உங்க காதுல பூ வைக்கிற சேவல் பேசறேன்!" என்றார். அரை மணிக்கு முன்னால் நடந்தது எதுவும் அந்தக் குரலில் இல்லை. குரலுக்கும் ஆளுக்கும் சம்பந்தமே இல்லை என்று அப்போதுதான் புரிந்தது.

"முதல் பூ! நீங்க கேட்டுக் கேட்டுச் சிரிச்ச பூ! இதோ!" என்று கண்ணாடி வழியாக மௌனத்துக்குக் கை காட்டினார்.

இந்தப் பக்கம் மௌனம் மெஷின் முன்னால் நின்றார்.  மேஜையில் இரண்டு நாடாக்கள். அவர் பக்கத்தில் நின்ற பெண்ணைப் பார்த்தார். அவள் தலையசைத்தாள்.

அவர் வெட்டாத நாடாவை ஓடவிட்டார்.

"என்ன சார் சொல்றீங்க? காணோமா?" எலிக்குஞ்சு இல்லை. ஒரு மனிதனின் குரல். சேவலின் தலை விருட்டென்று நிமிர்ந்தது. "சார், அது சின்னக் குழந்தை சார். ரோடு தெரியாது. அங்கேயே இருங்க. எங்கேயும் போயிடாதீங்க."

எட்டு விநாடி. சேவலின் கை சிவப்புப் பட்டன் மேல் போய் உட்கார்ந்தது. அழுத்தினால் ஊருக்கு ஒன்றும் கேட்காது. மேனேஜர் கதவைப் பிடித்து இழுத்து, "அழுத்துய்யா, அழுத்து!" என்று கத்தினார். கதவு உள்ளே பூட்டியிருந்தது. ஒலி புகாத கதவு.

மூன்று. நான்கு. அந்தப் பெண் கண்ணாடி அருகே போய் நின்றாள். ஒன்றும் செய்யவில்லை, சும்மா நின்றாள். சேவல் அவளைப் பார்த்தார். அப்படி எத்தனை நேரம் பார்த்தார் என்று கேட்டால் ஒரு யுகம் என்பேன். மேடம் எண்ணிக்கொண்டிருந்தார். "ஆறு... ஏழு..."

சேவல் கையை எடுத்தார்.

"நான் கிளம்பிட்டேன். இதோ வந்துட்டே இருக்கேன். சார், பாப்பா கிடைச்சா அழ வேண்டாம்னு சொல்லுங்க சார். அப்பா வந்துட்டார்னு சொல்லுங்க." தட்டென்று ரிசீவர் எங்கோ விழுந்தது. ஓடுகிற காலடிச் சத்தம். இளவயதுச் சேவலின் குரல், "போயிட்டாரா? அடக் கடவுளே, போயிட்டார்டா!" என்று சிரித்தது கேட்டது.

இந்த முறை அது ஊருக்கும் கேட்டது.

ஸ்டுடியோவுக்குள் சேவல் ஹெட்போனைக் கழற்றி மேஜை மேல் மெதுவாக வைத்தார். கதவைத் திறந்து, எங்கள் யாரையும் பார்க்காமல், தன் ஆளுயரப் படத்தைத் தாண்டிப் படியிறங்கிப் போனார். அன்று சாயங்காலம் போலீஸ் ஸ்டேஷனில் மௌனம் பதினோரு பக்கத்துக்கு வாக்குமூலம் கொடுத்தார். சேவல் அதற்குப் பிறகு எந்த மைக் முன்னாலும் உட்காரவில்லை. கேஸ் எங்கே போய் நின்றது என்பது வேறு கதை.

அந்தக் காலையில் லைன் டெஸ்க் பலகையில் பன்னிரண்டு விளக்குகளும் ஒரே சமயத்தில் எரிந்தன. ஊர் கொதித்துக் கூப்பிட்டது. மேனேஜர் தலையில் கைவைத்துத் தரையில் உட்கார்ந்துவிட்டார். அந்தப் பெண் பலகையையே வெறித்துக்கொண்டிருந்தாள். பிறகு, ஒரு நம்பரைப் பார்த்ததும் கை நீட்டி அந்த லைனை எடுத்தாள். ஸ்பீக்கர் போட்டே இருந்தது.

"இன்னைக்குப் பார்த்து நீ வீட்ல இல்லையேன்னு ரேடியோவப் போட்டேன்" என்றது ஒரு பெண்குரல். மூச்சு வாங்கியது. "அது... அது உங்க அப்பாடி."

"ஆமாம்மா."

"யாருடி கூப்பிட்டது அவரை? யாரு அந்தப் பொய்யைச் சொன்னது?"

"சொல்றேன்மா. எல்லாத்தையும் வந்து சொல்றேன்."

அந்தப் பக்கம் ரேடியோவை அணைக்கும் சத்தம் கேட்டது. 

"அப்போ... அன்னைக்கு நீ ஒண்ணுமே பண்ணலையா?"

"இல்லம்மா. நான் கிளாஸ்லதான் இருந்தேன். படம் வரைஞ்சிட்டிருந்தேன்."

"உன்னை அடிச்சேனேடி" என்றது குரல். அதற்குமேல் அதனால் பேச முடியவில்லை. இந்தப் பக்கம் இவளும் அப்போதுதான் உடைந்தாள்.

மேடம் எட்டி ஸ்பீக்கரை அணைத்தார். என் தோளைத் தொட்டு வெளியே கூட்டிவந்து கதவைச் சாத்தினார்.

"வாங்க கண்டக்டர். இனிமே அது அவங்க லைன்."